ஆரல்வாய்மொழியிலிருந்து மணிமேடை வரை: கலைவாணரின் ஊர் வழியே

என். எஸ். கிருஷ்ணன் 1908 நவம்பர் 29 அன்று நாகர்கோவிலை ஒட்டிய ஒழுகினசேரியில் பிறந்தார். பெயரின் முதல் எழுத்து ஊரைக் குறிக்கிறது, இரண்டாவது தந்தையை. தந்தை சுடலைமுத்துப் பிள்ளை, தாய் இசக்கியம்மாள். தமிழ்ப் படவுலகம் அவரைச் சிரிப்பு நடிகர் என்ற கணக்கில் வைத்திருக்கிறது. அந்தக் கணக்கு அவருக்குப் போதாது. கதாநாயகனின் நிழலில் வந்துபோகும் சிறு பாத்திரத்துக்குத் தனிக் குரலும் தனிக் கருத்தும் கொடுத்து, படத்தின் மையக் கதைக்கு ஈடாக நிறுத்திய குணச்சித்திர நடிகர் அவர். அந்தக் கலை ஸ்டூடியோவில் பிறந்ததல்ல என்பதை அறிய, நாகர்கோவிலைச் சூழ்ந்த நாஞ்சில் நாட்டுக்குள் வர வேண்டும். அதுவும் திருநெல்வேலிச் சாலையில், ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக வருவது நல்லது.

கணவாயை நெருங்கும்போதே காற்று மாறிவிடுகிறது. மேற்கு மலைத்தொடரின் இடைவெளியில் பாய்ந்து வரும் காற்றுக்கு இன்று முப்பந்தலைச் சுற்றி நூற்றுக்கணக்கான காற்றாலைகள் சுழல்கின்றன. அவற்றின் நடுவே, நெடுஞ்சாலையை ஒட்டியே, முப்பந்தல் இசக்கியம்மன் கோயில் இருக்கிறது. லாரிகளும் பேருந்துகளும் நின்று கும்பிட்டுப் போகின்றன. இசக்கி, சுடலைமாடன், முத்தாரம்மன் ஆகிய தெய்வங்களின் கதைகளை ஊருக்கு ஊர் கோயில் கொடை விழாக்களில் பாடிச் சொல்வதுதான் வில்லுப்பாட்டு. சுடலைமுத்து, இசக்கியம்மாள் என்ற பெயர்கள் இந்தத் தெய்வங்களின் வழியாக வந்தவை. கிருஷ்ணன் பிறந்த வீட்டுக்கும் வில்லடிக்கும் பந்தலுக்கும் தூரம் அதிகமில்லை.

வில்லுப்பாட்டின் அமைப்பைத் தெரிந்துகொண்டால் கிருஷ்ணனின் நடிப்பு பாதி விளங்கிவிடும். மணிகள் கட்டிய நீண்ட வில் ஒன்று தரையில் கிடத்தப்படும். அதன் நடுப்பகுதி ஒரு மண்குடத்தின் மேல் அமர்ந்திருக்கும். தலைமைப் பாடகரான அண்ணாவி இரண்டு வீசுகோல்களால் நாணில் தட்டிக் கதையைத் தொடங்குவார். குடம் அடிப்பவர், உடுக்கு வாசிப்பவர், ஜால்ராவும் கட்டையும் தட்டுபவர்கள் அவரைச் சுற்றி இருப்பார்கள். இவர்கள் வெறும் பக்கவாத்தியம் அல்ல. அண்ணாவி ஒரு செய்தியைச் சொன்னதும் அருகில் இருப்பவர் ஆமாம் போடுவார், சந்தேகம் கேட்பார், சில நேரம் மறுத்தும் பேசுவார். கேட்பவரின் மனத்தில் எழும் கேள்வியை மேடையிலேயே ஒருவர் கேட்டுவிடுகிறார். பதில் சொல்லும் சாக்கில் அண்ணாவி கதையைவிட்டு வெளியே வந்து ஊர் நடப்பைத் தொட்டு, சிரிக்க வைத்து, மறுபடி கதைக்குள் போவார். புராணமும் அன்றாடமும் ஒரே மூச்சில் வரும் கலை இது. இதே கன்னியாகுமரி மாவட்டத்தில் ஆடப்பட்டு வந்த தோல்பாவைக்கூத்திலும் இராமாயணக் கதைக்கு நடுவே உச்சிக்குடும்பன், உளுவத்தலையன் என்ற இரண்டு கோமாளிகள் வந்து உள்ளூர் விவகாரம் பேசுவார்கள். காவியத்தை நிறுத்திவிட்டுச் சாதாரண மனிதன் பேசுவதைத் தவறாக நினைக்காத ஊர்களில் கிருஷ்ணன் வளர்ந்தார்.

கணவாய் தாண்டினால் தோவாளை. விடியும் முன்பே கூடிக் கலையும் பூச்சந்தைக்குப் பெயர்பெற்ற ஊர். பிறகு வெள்ளமடம். வயல்களும் குளங்களும் சாலையின் இரு பக்கமும் வந்து போகின்றன. புதிய கட்டடங்கள் வயலைத் தின்றுகொண்டிருப்பதும் கண்ணில் படுகிறது. பழையாற்றுப் பாலம் வந்ததும் ஒழுகினசேரி. நாஞ்சில் நாட்டின் நெல் விளைச்சலுக்கு ஆதாரமான இந்த ஆறு மணக்குடியில் கடலைச் சேர்கிறது. சோழர் காலத்துச் சிவன் கோயில் ஒன்று இங்கே சோழராஜா கோயில் என்ற பெயரில் நிற்கிறது. ஊர் இன்று நாகர்கோவில் மாநகராட்சியின் ஒரு பகுதி, எந்நேரமும் வண்டிகள் நெருக்கியடிக்கும் சந்திப்பு. கிருஷ்ணன் பிறந்தபோது இது திருவிதாங்கூர் சமஸ்தானத்தின் தென்கோடியில் இருந்த எளிய குடியிருப்பு.

குடும்பத்தில் வறுமை. பள்ளிப் படிப்பு நான்காம் வகுப்போடு நின்றது. டென்னிஸ் மைதானத்தில் பந்து பொறுக்கிப் போட்டார். நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார். கொட்டகையில் விற்க நுழைந்த பையன் மேடையைப் பார்க்கத் தொடங்கினான் என்பதில் வியப்பில்லை. வில்லுப்பாட்டுக் குழுவிலும் பாடினார். 1925-இல் டி. கே. எஸ். சகோதரர்கள் மதுரை ஸ்ரீ பால ஷண்முகானந்த சபாவைத் தொடங்கினார்கள். அந்தக் குழு நாகர்கோவிலுக்கு வந்தபோது தந்தையே மகனை அழைத்துப்போய்ச் சேர்த்துவிட்டார். ‘பாய்ஸ் கம்பெனி’ என்று மக்கள் சொன்ன இந்த நாடகக் குழுக்கள்தாம் அன்று ஏழைப் பிள்ளைகளுக்குப் பள்ளியும் விடுதியும் தொழிலும். பாட்டு, வசனம், வேடம், திரை இழுப்பது வரை எல்லாவற்றையும் அங்கே கற்றாக வேண்டும். அடியும் உண்டு, பசியும் உண்டு. தமிழ்த் திரையின் முதல் இரண்டு தலைமுறை நடிகர்களில் பெரும்பாலானோர் இந்தப் பட்டறையில் தேறியவர்கள்.

கிருஷ்ணன் தன் ஊர்க் கலையைக் கம்பெனி நாடகத்துக்குள் கொண்டுவந்த தருணம் 1931-இல் நேர்ந்தது. வெ. சாமிநாத சர்மா எழுதிய ‘பாணபுரத்து வீரன்’ நாடகத்துக்கு ஆங்கில அரசு தடை போட்டிருந்தது. டி. கே. எஸ். குழு அதை ‘தேசபக்தி’ என்று பெயர் மாற்றி மேடையேற்றியது. அதில் கிருஷ்ணன் காந்தி மகான் கதையை வில்லுப்பாட்டாகப் பாடினார். மாடனின் வரத்துக்கும் இசக்கியின் பழிக்கும் பழகிய வில்லில் வாழும் தலைவர் ஒருவரின் கதை ஏறியது. இதை வெறும் நாடக உத்தியாகப் பார்க்கக் கூடாது. தெய்வக் கதைக்கு மட்டும் உரியதென்று கருதப்பட்ட வடிவம் எந்தச் செய்தியையும் தாங்கும் என்று காட்டியது அவருடைய முதல் பெரிய கண்டுபிடிப்பு. பிற்காலத்தில் படத்துக்குப் படம் அவர் செய்ததெல்லாம் இதன் விரிவுதான்.

சினிமா அவரை 1935-இல் எடுத்துக்கொண்டது. டி. கே. எஸ். குழுவினர் நடிக்க, ராஜா சாண்டோ இயக்கிய ‘மேனகா’ அந்த ஆண்டு வெளிவந்தது. அடுத்த ஆண்டு அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’. எம்.ஜி.ஆரும் டி. எஸ். பாலையாவும் திரையில் தலைகாட்டிய முதல் படம் அது. தமிழ் தெரியாத இயக்குநருக்கு முன்னால் தமிழில் சிரிக்க வைத்தாக வேண்டிய நிலையில், தன் பகுதியைத் தானே அமைத்துக்கொள்ளும் பழக்கம் கிருஷ்ணனுக்கு நன்றாகவே உதவியிருக்கும்.

‘வசந்தசேனா’ படப்பிடிப்புக்காகப் புனே போனபோது அவர் டி. ஏ. மதுரத்தைச் சந்தித்தார். திருச்சிப் பக்கத்திலிருந்து வந்த மதுரம் ‘ரத்னாவளி’ படத்தில் ஏற்கெனவே நடித்திருந்தவர். கிருஷ்ணனுக்கு ஊரில் நாகம்மை என்ற மனைவி இருந்தார். மதுரத்தையும் மணந்துகொண்டார். அந்தக் காலத்து நாடக, சினிமா உலகில் இது அரிதல்ல. ஆனாலும் ஊரில் இருந்த பெண்ணின் பக்கத்தை எந்த வரலாறும் எழுதி வைக்கவில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். திரையில் கிருஷ்ணன்–மதுரம் இணை தமிழர் மனத்தில் நிலைத்தது. வில்லுப்பாட்டில் ஆமாம் போடுபவரின் இடத்தை இங்கே மதுரம் ஏற்றார். ஏற்றதோடு நிற்காமல் அதை மேலே கொண்டுபோனார். கிருஷ்ணன் ஒரு கருத்தைச் சொல்வார். மதுரம் மடக்குவார். கிருஷ்ணன் சமாளிப்பார். மதுரம் மறுபடி மடக்குவார். பெரும்பாலான இடங்களில் இறுதிச் சொல் மதுரத்துடையது. கணவனை மனைவி வாயடைக்கும் காட்சிகளில் பெண் கேலிப்பொருளாகாமல் அறிவுள்ளவளாக நின்றது அன்றைய திரையில் அபூர்வம். இன்றைய நகைச்சுவைக் காட்சிகள் பலவற்றில்கூட இந்த மரியாதையைத் தேட வேண்டியிருக்கிறது.

‘அம்பிகாபதி’ (1937), ‘திருநீலகண்டர்’ (1939), ‘சகுந்தலை’ (1940), ‘ஆர்யமாலா’, ‘அசோக்குமார்’ (1941), ‘சிவகவி’, ‘மங்கம்மா சபதம்’ (1943), ‘ஹரிதாஸ்’ (1944) என்று படங்கள் வரிசையாக வந்தன. இவற்றில் பலவற்றில் நகைச்சுவைப் பகுதி முழுவதும் அவர் பொறுப்பு. எழுத்து, பாட்டு, நடிகர் தேர்வு, படமாக்குதல் எல்லாம் அவருடைய குழுவே பார்த்துக்கொள்ளும். டி. எஸ். துரைராஜ், புளிமூட்டை ராமசாமி போன்றோர் அந்தக் குழுவில் வந்தவர்கள். புராணக் கதையின் நடுவே மூடநம்பிக்கையையும் சாதி ஆணவத்தையும் குடியையும் பற்றிப் பேச இந்தத் தனிப்பகுதி இடம் கொடுத்தது. தயாரிப்பாளர்கள் சிரிப்புக்குப் பணம் கொடுத்தார்கள்; கிருஷ்ணன் சிரிப்போடு சீர்திருத்தத்தையும் சேர்த்துத் தந்தார். அவர் பாடல்களைத் தன் சொந்தக் குரலிலேயே பாடினார். இனிமையான சாரீரம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஒவ்வொரு சொல்லும் கடைசி வரிசைக்கு விளங்கும்படி பாடும் வில்லுப்பாட்டுக்காரரின் தெளிவு அதில் இருக்கிறது.

1944 தீபாவளிக்கு வெளிவந்த ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. அந்தப் படத்தின் நாயகன் எம். கே. தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் அந்த ஓட்டத்தின் பெரும்பகுதியைச் சிறையிலிருந்தே கழித்தார்கள். திரைப்பட நட்சத்திரங்களின் அந்தரங்கத்தை எழுதிப் பணம் பார்த்த ‘இந்து நேசன்’ பத்திரிகையின் ஆசிரியர் லட்சுமிகாந்தன் 1944 நவம்பர் 8 அன்று சென்னையில் ரிக்ஷாவில் போய்க்கொண்டிருந்தபோது குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். கொலைச் சதியில் பங்கென்று பாகவதரும் கிருஷ்ணனும், இயக்குநர் ஸ்ரீராமுலு நாயுடு உள்ளிட்ட சிலரும் கைதானார்கள். நாயுடு விடுவிக்கப்பட்டார். 1945 மே மாதம் மற்ற இருவருக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. உயர்நீதிமன்ற மேல்முறையீடு பலிக்கவில்லை. லண்டன் பிரிவி கவுன்சில் வரை வழக்கு போய், மறுவிசாரணைக்குத் திரும்பி வந்து, 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என விடுதலையானார்கள். இரண்டரை ஆண்டுகள் போயிருந்தன.

அந்த இரண்டரை ஆண்டுகளில் மதுரம் செய்தவை தனிப் புத்தகத்துக்கு உரியவை. வழக்குச் செலவுக்குப் பணம் வேண்டும், குடும்பம் நடக்க வேண்டும், கணவரை நம்பியிருந்த நடிகர்களுக்கும் சோறு வேண்டும். எஸ். வி. சகஸ்ரநாமம் துணையோடு என். எஸ். கே. நாடக சபா மேடையேறியது. அந்தச் சபைக்காக ப. நீலகண்டன் எழுதிய நாடகம் பின்னர் ஏவி.எம்மின் ‘நாம் இருவர்’ படமானது. குழுவிலிருந்து பிரிந்த கே. ஆர். ராமசாமி தான் தொடங்கிய சபைக்கும் கிருஷ்ணன் பெயரையே வைத்தார். அண்ணாவின் ‘ஓர் இரவு’, ‘வேலைக்காரி’ நாடகங்கள் அந்த மேடையில்தான் வளர்ந்தன. நாஞ்சில் நாட்டு நடிகர் ஒருவர் சிறையில் இருந்தபோது அவர் பெயரைச் சுமந்த இரண்டு சபைகள் தமிழ் நாடகத்தை அடுத்த கட்டத்துக்கு நகர்த்தியிருக்கின்றன.

விடுதலைக்குப் பின் பாகவதரால் பழைய இடத்தைப் பிடிக்க முடியவில்லை. கிருஷ்ணன் எழுந்துவிட்டார். ‘பைத்தியக்காரன்’ (1947) வந்தது. எஸ். எஸ். வாசன் தன் பிரம்மாண்டமான ‘சந்திரலேகா’வில் (1948) கிருஷ்ணனுக்கும் மதுரத்துக்கும் இடம் ஒதுக்கிக் காட்சிகள் சேர்த்தார். நாடகத் தந்தை பம்மல் சம்பந்த முதலியார் கையால் 1947-இல் ‘கலைவாணர்’ பட்டம் கிடைத்தது. இயற்பெயரைவிட அதுவே நிலைத்துவிட்டது.

1949-இல் வந்த ‘நல்லதம்பி’ அவருடைய கலையின் உச்சம். அண்ணா எழுத, இயக்குநர் இரட்டையர் கிருஷ்ணன்–பஞ்சு இயக்கினார்கள். ஃபிராங்க் காப்ராவின் ‘மிஸ்டர் டீட்ஸ் கோஸ் டு டவுன்’ என்ற ஹாலிவுட் படத்தின் சாயல் கதையில் உண்டு. மதுவிலக்கைப் பேசிய இந்தப் படத்தில் ‘கிந்தனார்’ காலட்சேபம் இடம்பெற்றது. நந்தனார் சரித்திரத்தின் சட்டகத்தை அப்படியே எடுத்துக்கொண்டு, அதில் உடுமலை நாராயண கவியின் வரிகளில் புதுக் கதை சொன்னார் கிருஷ்ணன். நந்தனார் சிதம்பரம் போக ஏங்கினார். சேரிச் சிறுவன் கிந்தன் பட்டணம் போய்ப் படிக்க ஏங்குகிறான். நந்தனார் தீயில் மூழ்கித் தில்லை மூவாயிரவருக்குச் சமமானார். கிந்தன் ரயிலேறிப் போய்ப் படித்து அதிகாரியாகத் திரும்பித் தன்னை விரட்டிய பள்ளிக்கே வந்து நிற்கிறான். சாதி பார்க்காமல் எல்லோரையும் ஒரே பெட்டியில் உட்கார வைக்கும் ரயிலுக்கு அதில் கிட்டத்தட்ட தெய்வத்தின் இடம். காலட்சேபம் செய்யும் பாகவதர் வேடத்தில் கிருஷ்ணன் கதை சொல்ல, பக்கத்தில் இருப்பவர் குறுக்கிட, கூட்டம் சிரிக்கிறது. காலட்சேப உடையை நீக்கிவிட்டுப் பார்த்தால் உள்ளே இருப்பது கொடைப் பந்தலின் அண்ணாவி. சாதியைப் பற்றி அதுவரை தமிழ்த் திரை சொன்னவற்றில் இவ்வளவு நேரான, இவ்வளவு இனிமையான ஒன்று வேறில்லை.

அடுத்து அவர் இயக்குநரானார். ‘மணமகள்’ (1951), ‘பணம்’ (1952) இரண்டுக்கும் வசனம் மு. கருணாநிதி. ‘மணமகள்’ பத்மினியைத் தமிழில் நிலைநிறுத்தியது. ‘பணம்’ சிவாஜி கணேசனின் இரண்டாவது படம். விஸ்வநாதன்–ராமமூர்த்தி இரட்டையர் சேர்ந்து இசையமைத்த முதல் படமும் அதுதான். 1951-இல் சோவியத் நாட்டுக்குப் போன கலைஞர் குழுவிலும் அவர் இருந்தார்.

மேடைக்காக அவர் தேடிப் பிடித்தவர்களில் சுப்பு ஆறுமுகத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். நெல்லைச் சீமையில் பாட்டுக் கட்டிக்கொண்டிருந்த அந்த இளைஞரைக் கிருஷ்ணன் சென்னைக்கு அழைத்துக்கொண்டார். காந்தி கதையும் பிற கதைகளும் வில்லில் ஏறின. கொடைப் பந்தலில் இருந்த கலை சபா மேடைக்கும் வானொலிக்கும் பின்னர் தொலைக்காட்சிக்கும் போனது இந்த வழியில்தான். சுப்பு ஆறுமுகத்துக்கு 2021-இல் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு மறைந்தார்.

ஒழுகினசேரியில் கிருஷ்ணன் கட்டிய மாடி வீட்டுக்குப் பெயர் மதுரபவனம். மனைவியின் பெயரை வீட்டுக்கு வைத்து ஊர் நடுவே நிறுத்தியது அந்தக் காலத்தில் பேசப்பட்டிருக்கும். வந்தவர்களுக்கெல்லாம் சாப்பாடு போட்ட வீடு என்று ஊரில் முதியவர்கள் சொல்வார்கள். கேட்டவருக்கு இல்லை என்று சொல்லத் தெரியாத கை அவருடையது, சம்பாதித்தது நிற்கவில்லை. அவர் மறைந்த பிறகு வீடு பல கைகளையும் சிக்கல்களையும் கண்டு பராமரிப்பின்றிச் சிதைந்தது. இந்த வீட்டை ஒரு காட்சியகமாகக் காத்து வைத்திருக்க வேண்டிய கடமை தமிழ்ச் சமூகத்துக்கு இருந்தது. திரைப்பட வரலாற்றைப் பற்றி இவ்வளவு பேசும் மாநிலத்தில் அது நடக்காமல் போனது பெரிய குறை.

வடசேரியைத் தாண்டி வேப்பமூடு வந்தால் மாநகராட்சிப் பூங்கா. காந்தியடிகளின் நினைவாக இங்கே கிருஷ்ணன் தன் சொந்தச் செலவில் ஒரு தூண் எழுப்பினார். மேடையில் காந்தி கதை பாடியவர் ஊருக்குக் கொடுத்த பொருள் இது. கட்சி அரசியலில் அவர் திராவிட இயக்கத்தாரோடு நெருங்கியவர், காந்தியிடம் மாறாத பற்றுக் கொண்டவர், கம்யூனிஸ்டுகளோடும் நட்புப் பாராட்டியவர். 1957 தேர்தலில் காஞ்சிபுரத்தில் அண்ணாவுக்காகப் பேசப்போன கதை இன்றும் மேடைகளில் சொல்லப்படுகிறது. அண்ணாவை எதிர்த்து நின்றவர் ஊரறிந்த மருத்துவர். கிருஷ்ணன் பேச்சு முழுவதும் அந்த மருத்துவரின் கைராசியைப் புகழ்ந்தாராம். கடைசியில், இப்படிப்பட்டவரைச் சட்டசபைக்கு அனுப்பிவிட்டால் இங்கே வைத்தியத்துக்கு யாரிடம் போவீர்கள், அண்ணாவை அனுப்புங்கள் என்று முடித்தாராம். எதிராளியைக் காயப்படுத்தாமல் எதிர்த்துப் பேசும் இந்த முறைதான் திரையிலும் அவர் வைத்துக்கொண்ட ஒழுக்கம்.

கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்தது 1956 நவம்பர் 1-இல். திருவிதாங்கூர்க் குடிமகனாகப் பிறந்த கிருஷ்ணன் தன் ஊர் தமிழகமானதைப் பத்து மாதங்களே பார்த்தார். 1957 ஆகஸ்ட் 30 அன்று சென்னையில், 49-ஆம் வயதில் மறைந்தார். ‘மதுரை வீரன்’, ‘ராஜா ராணி’ (1956) ஆகியவை கடைசிக் காலப் படங்கள். இருபது ஆண்டுகளுக்கு முன் நடித்த ‘அம்பிகாபதி’ சிவாஜியை நாயகனாக வைத்து மறுபடி எடுக்கப்பட்டபோது அதிலும் நடித்தார். படம் வெளிவரும்போது அவர் இல்லை. மதுரம் 1974 வரை வாழ்ந்தார்.

சென்னை தியாகராயநகரில் கிருஷ்ணன் சிலையை 1969 ஜனவரியில் முதலமைச்சர் அண்ணா திறந்து வைத்தார். நோயின் பிடியில் இருந்த அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொதுநிகழ்ச்சி அது. வாலாஜா சாலையில் இருந்த பாலர் அரங்கம் கலைவாணர் அரங்கமாகி, 2016-இல் புதிய கட்டடத்தில் திறக்கப்பட்டது. நாகர்கோவிலில் அவர் சிலை மணிமேடைச் சந்திப்பில் இருக்கிறது. திருவிதாங்கூர் மன்னர் காலத்தில், 1893-இல் திறக்கப்பட்ட மணிக்கூண்டு அந்தச் சந்திப்புக்குப் பெயர் கொடுத்தது. ஆண்டுதோறும் நவம்பர் 29 அன்று சிலைக்கு மாலை போடுகிறார்கள்.

ஒழுகினசேரியிலிருந்து வடசேரி, மணிமேடை, வேப்பமூடு வரை உள்ள தூரத்தை நடந்தே பார்த்துவிடலாம். நடிகரை மட்டுமல்லாமல் அவருடைய கலையின் ஊற்றையும் காண விரும்புகிறவர்கள் கோடை மாதங்களில் வருவது நல்லது. அப்போது நாஞ்சில் நாட்டு ஊர்களில் அம்மன் கோயில்களிலும் மாடன் கோயில்களிலும் கொடை நடக்கும். எந்த ஊரில் எந்த நாள் என்பதைப் பேருந்து நிலையத்துத் தேநீர்க்கடையில் விசாரித்தாலே சொல்லிவிடுவார்கள். வில்லுப்பாட்டு இரவு நெடுநேரம் வரை நீளும்; பந்தலின் முன்வரிசையில் உட்கார்ந்தால் அண்ணாவிக்கும் ஆமாம் போடுபவருக்கும் நடுவே நடக்கும் பேச்சு முழுவதும் காதில் விழும்.